டோபாலஜியில் பிஎச்டி முடித்து போஸ்ட்டாக் வரை: என் அனுபவம்

டோபாலஜி என்பது வடிவங்களை நீட்டினாலும் வளைத்தாலும் மாறாத தன்மைகளைப் படிக்கும் கணிதப் பிரிவு. போஸ்ட்டாக் என்பது பிஎச்டிக்குப் பிறகான தற்காலிக ஆய்வு வேலை. முதலில் காலக்கணக்கு. அமெரிக்கப் பல்கலைக்கழகங்களின் போஸ்ட்டாக் இடங்களுக்குப் பெரும்பாலும் நவம்பர், டிசம்பரிலேயே விண்ணப்பக் கெடு முடிந்துவிடும். சேர்வது அடுத்த ஆண்டு ஆகஸ்ட் வாக்கில். நம் ஊரிலோ தீசிஸைக் கொடுத்தபின் அது வெளித் தேர்வாளர்களுக்குப் போய், அறிக்கை வந்து, வைவா (வாய்மொழித் தேர்வு) முடிய மாதக்கணக்கில் ஆகும். ஆகவே தீசிஸ் எழுதிக்கொண்டிருக்கும்போதே விண்ணப்பிக்க வேண்டும். என் கைடு இதை முன்கூட்டியே சொல்லிவிட்டது பெரிய உதவி.

விண்ணப்பங்கள் அநேகமாக மேத்ஜாப்ஸ் தளம் வழியாகத்தான். சி.வி., ஆய்வறிக்கை (தீசிஸ் அல்ல, நம் ஆய்வை விளக்கும் சில பக்கங்கள்), கற்பித்தல் அறிக்கை, மூன்று நான்கு பரிந்துரைக் கடிதங்கள். கடிதங்களை எழுதுபவரே பதிவேற்றிவிடுவார், நம் கண்ணில் படாது. அவற்றில் ஒன்றாவது நம் நிறுவனத்துக்கு வெளியே இருப்பவருடையதாக இருந்தால் நல்லது. அதற்கு அவருக்கு நம் வேலை தெரிந்திருக்க வேண்டுமே! கணித இதழ்களில் ஒரு கட்டுரை ஏற்கப்பட ஒரு வருடம் ஆவது சாதாரணம். அதுவரை காத்திருக்காமல் ஆர்க்கைவில் (இதழில் வருமுன்பே கட்டுரைகளை எல்லோரும் படிக்க இடும் இணையதளம்) போட்டுவிட்டு, பயிலரங்குகளில் போய்ப் பேசினேன். அப்படிப் பழக்கமான ஒருவர்தான் எனக்குக் கடிதம் எழுதினார்.

என் நேரத்தைத் தின்றது ஆய்வறிக்கைதான். அதைப் படிக்கும் குழுவில் எண் கோட்பாட்டுக்காரரும் இருப்பார், பகுப்பாய்வுக்காரரும் இருப்பார். முதல் பக்கம் அவர்களுக்காக. கணிதத்தில் முடிச்சு என்றால் இரு முனைகளையும் ஒட்டிவிட்ட கயிற்று வளையம். நான் மிக எளிய முடிச்சான ட்ரெஃபாயிலை வரைந்தேன். கயிறு தன்னைத் தானே கடக்கும் அதன் மூன்று குறுக்கீடுகளையும் திசை மாறாமல் வெட்டி ஒட்டினால் இரண்டு வட்டங்கள் கிடைக்கும். வட்டங்களைத் தட்டுகளாக நிரப்பி, குறுக்கீடு இருந்த இடங்களில் முறுக்கிய பட்டைகளால் இணைத்தால் ஒரு பரப்பு வரும். அதன் விளிம்புதான் அந்த முடிச்சு. தட்டு இரண்டு, பட்டை மூன்று. ஆய்லர் எண் (தட்டுகளிலிருந்து பட்டைகளைக் கழித்தது) 2 – 3 = –1, அதிலிருந்து ஜீனஸ் (பரப்பிலுள்ள கைப்பிடிகளின் எண்ணிக்கை) 1. எந்தக் கணிதக்காரரும் காகிதத்தில் சரிபார்க்கலாம்.

அங்கிருந்து என் கேள்விக்குப் போனேன்: முப்பரிமாணத்துக்குள்ளேயே நிற்காமல் நான்காம் பரிமாணத்துக்குள்ளும் பரப்பை நீட்டலாம் என்றால் ஜீனஸ் எவ்வளவு குறையும்? கான்வே முடிச்சு என்ற சிக்கலான ஒரு முடிச்சுக்கு அது பூஜ்யமாகுமா என்பது பல பத்தாண்டுகள் திறந்தே கிடந்தது. வழவழப்பான பரப்பு என்றால் ஆகாது என்று லிசா பிச்சிரில்லோ நிறுவிய கட்டுரை 2020-ல் வெளியானது. அவர் அதைக் கண்டுபிடித்தபோது ஆராய்ச்சி மாணவி! எங்கள் துறையில் இருக்கும் எல்லோருக்கும் அது தெம்பு தந்த செய்தி.

பல இடங்களிலிருந்து பதிலே வரவில்லை. அதை மனதில் ஏற்றிக்கொள்ளாமல் தீசிஸ் திருத்தத்தில் இறங்கினேன். அப்புறம் ஒரு நாள் வேலைக் கடிதம் வந்தது. பட்டச் சான்றிதழ் வரத் தாமதமானதால், வைவா முடிந்ததற்கு எழுத்துபூர்வமான ஒரு கடிதம் வாங்கி அனுப்பினேன். சேர அதுவே போதுமானதாக இருந்தது.

இப்போது நிரந்தர வேலைக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன். ஐஐடி, ஐசர் (இந்திய அறிவியல் கல்வி மற்றும் ஆராய்ச்சி நிறுவனம்) விண்ணப்பங்களில் அடுத்த சில வருட ஆய்வுத் திட்டத்தையும் கேட்கிறார்கள். அதிலும் முதல் பக்கம் ட்ரெஃபாயில்தான்.