இன்னும் வார்க்காத மணியின் ஓசை

கற்பனை உலகம் ஒன்று. மலைக்கோட்டையில் ஒரு மணி தொங்கப்போகிறது. அதை வார்க்க இன்னும் நூறு வருடம் இருக்கிறது. ஓசை மட்டும் இப்போதே அடிவாரத்து ஊரில் கேட்கிறது. ஒலி நாடகத்துக்கோ கணினி விளையாட்டுக்கோ இப்படி எழுதிவிடலாம். காதுக்குக் கொண்டுவரும்போதுதான் சறுக்கும். பெரும்பாலானோர் மணியோசைக்கு எக்கோவை அள்ளிப் போட்டு, கொஞ்சம் காற்றுச் சத்தம் கலந்து முடித்துவிடுகிறார்கள். கேட்பவருக்கு அது குகையாகத் தோன்றும். காலம் என்று தோன்றாது.

எக்கோ இடத்தைக் காட்டும். ‘இப்போது’ என்பதைக் காட்டுவது ஒலியின் அடி, அதாவது ஓசை தொடங்கும் மோதல். நாக்கு மணியில் மோதும் அந்தச் சில மில்லி விநாடிகளை வைத்துத்தான் ‘இது மணி, இப்போது அடித்தார்கள்’ என்று காது முடிவுகட்டுகிறது. 1948-இல் பாரிஸ் வானொலியில் பிரெஞ்சு இசையமைப்பாளர் பியர் ஷேஃபர் மணியோசையின் அடியை நீக்கிவிட்டு, அதற்குப் பின் நீளும் கார்வையை மட்டும் ஒலிக்கவிட்டார். மணி என்ற அடையாளமே போய், வேறேதோ வாத்தியம் போல ஆகிவிட்டது. ஆகவே கேள்வி ஒன்றுதான்: அடியை எங்கே வைப்பது, எப்போது மறைப்பது?

முதலில் நல்ல பதிவு வேண்டும். பெரிய மணி கிடைக்காவிட்டால் கனமான பித்தளைத் தாம்பாளத்தைக் கயிற்றில் தொங்கவிட்டு மரக்கரண்டியால் அடியுங்கள். கையில் பிடித்தால் கார்வை செத்துவிடும். மைக் ஒரு மீட்டர் தள்ளி இருக்கட்டும். பதிவு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். அடியின் உச்சம் மைனஸ் 12 டெசிபெல் அளவில் நின்றால் போதும். ஃபேன், ஃபிரிட்ஜ் இரண்டையும் அணைத்துவிடுங்கள். கார்வை முழுக்க ஓய்ந்த பிறகும் ஐந்து விநாடி பதிவு ஓடட்டும். ஃபேன் சத்தம் சாதாரணப் பதிவில் பெரிய தொல்லை இல்லை. இங்கே கார்வையை எட்டு மடங்கு நீட்டப்போகிறோம், அந்த உறுமலும் கூடவே நீளும். அடித்த அசல் பதிவைத் தனிக் கோப்பாக எடுத்து வையுங்கள். கதையின் கடைசி வரை அதை யாரும் கேட்கக் கூடாது.

அடுத்தது, ஓசைக்கு முன்பே எதிரொலி வருவது. ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் இலவசமாகச் செய்துவிடலாம். பதிவின் நகலைத் தலைகீழாகத் திருப்புங்கள். அதன் முடிவில் 6 விநாடி மௌனத்தைச் சேருங்கள். மௌனத்தையும் சேர்த்துத் தேர்ந்தெடுத்து ரிவெர்ப் (பெரிய அறையின் எதிரொலி போன்ற விளைவு) போடுங்கள். எதிரொலி மட்டும் வர, ‘வெட் ஒன்லி’ பெட்டியில் டிக் இருக்க வேண்டும். மறுபடி திருப்புங்கள். இப்போது ரிவெர்பின் வால் முன்னால் வந்து, ஒன்றுமில்லாமையிலிருந்து மெல்ல வீங்கி, அடி விழும் புள்ளியில் போய் முட்டும். மௌனம் சேர்க்காமல் விட்டால் வால் பாதியில் அறுபட்டு, திரும்பிய பிறகு ஒலி ‘டக்’கென்று கிளிக்கோடு தொடங்கும். இதுதான் அதிகம் நடக்கும் கோளாறு. அடி விழும் புள்ளியில் இந்த நகலை வெட்டி, 20 மில்லி விநாடியில் மங்கவிடுங்கள். அதற்குப் பின் அசல் ஓசை வராது. வீங்கி வந்து, வந்த இடத்தில் ஒன்றுமில்லாமல் நின்றுபோகும். ஊர்க்காரர்கள் தலைநிமிர்ந்து பார்ப்பது அந்த இடத்தில்தான்.

முன்னெதிரொலி வெறும் கற்பனை இல்லை. எல்பி ரெக்கார்டில் பலத்த இசை தொடங்கும் முன், அதே இசை மிக மெல்லிதாக ஒருமுறை கேட்கும். ரெக்கார்டை வெட்டும்போது புதிய தடம் பக்கத்தில் ஏற்கெனவே வெட்டிய தடத்தின் சுவரைச் சற்றே நெளித்துவிடுவதால் வருவது அது. நிமிடத்துக்கு 33⅓ சுற்று என்றால் ஒரு சுற்று 1.8 விநாடி, ஆகவே 1.8 விநாடி முன்னதாகக் கேட்கும். காந்த நாடாவிலும் அடுத்தடுத்த சுற்றுகள் ஒன்றின் காந்தத்தை ஒன்று வாங்கிக்கொள்ளும். அதனால்தான் ஒலிக்காப்பகங்களில் நாடாவைக் கடைசி முனை வெளியே இருக்கும்படி சுற்றி வைப்பார்கள். அப்படிச் சுற்றினால், பக்கத்துச் சுற்றில் பதியும் நகல்களில் பலமானது ஓசைக்கு முன்னால் விழாமல் பின்னால் விழும், எதிரொலியோடு எதிரொலியாகக் கரைந்துவிடும்.

இதைக் கதைக்கு அப்படியே கடன் வாங்கலாம். வீங்கி வரும் அடுக்குக்கு 1.8 விநாடி முன்பு அதன் இன்னொரு நகலை மைனஸ் 30 டெசிபெலில் வையுங்கள். ஹெட்போனில் கேட்பவர் ‘ஏதோ கேட்ட மாதிரி இருந்ததே’ என்று நினைப்பதற்குள் பெரிய அலை வந்துவிடும். 30 மில்லி விநாடிக்கும் குறைவான இடைவெளியில் வைத்தால் காது இரண்டையும் ஒன்றாகச் சேர்த்துவிடும். சில அலைவரிசைகள் ஒன்றையொன்று அழித்து, தகரக்குழாய்க்குள் பேசுவது போலாகும்.

ஓசை மிதப்பது போலத் தோன்றச் செய்வது வேறு வேலை. கார்வையின் நகலை மட்டும் எடுத்து, ஆடாசிட்டியில் ஒலியை நீட்டும் பால்ஸ்ட்ரெச் போடுங்கள்: மடங்கு 8, டைம் ரெசல்யூஷன் 0.25 விநாடி. 10 விநாடிக் கார்வை 80 விநாடியாகும். இந்த முறை ஒலியலைகளின் கட்டங்களை (ஃபேஸ், அலையின் ஏற்ற இறக்க நிலை) கலைத்துப்போடுவதால் அடியின் சுவடே இருக்காது, சுருதி அப்படியே நிற்கும். ரெசல்யூஷனை மிகவும் குறைத்தால் ஒலி நடுங்கும். இந்த அடுக்கின் மேல் வேகத்தையும் சுருதியையும் சேர்த்து இறக்கலாம்: பாதி வேகம் என்றால் ஒரு ஸ்தாயி கீழே, இரு மடங்கு நீளம். ஒலி ஓடிக்கொண்டிருக்கும்போதே சுருதியை அரை ஸ்வரத்துக்கு மேல் சறுக்கவிடாதீர்கள், வேகத்தில் சுமார் 6 சதவீதம். அதற்கு மேல் போனால் பேட்டரி தீர்ந்த டேப் ரெக்கார்டர்தான் நினைவுக்கு வரும்.

இவ்வளவும் செய்துவிட்டுக் கற்பனை உலகத்துக்கு விதி வகுக்காமல் விட்டால் வீண். எவ்வளவு காலம் தள்ளி நின்று கேட்கிறோம் என்பது ஒலியிலேயே தெரிய வேண்டும். தூரத்திலிருந்து வரும் ஓசையில் காற்று உயர் அலைவரிசைகளைத்தான் முதலில் தின்னும். அதையே காலத்துக்கும் விதியாக்குங்கள். மணி வார்க்க நூறு வருடம் இருக்கும்போது 1 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் வெட்டு. பத்து வருடம் என்றால் 4. ஒரு வருடம் என்றால் 10. முன்வீக்கத்தின் நீளமும் அதே வரிசையில் குறையட்டும்: 6 விநாடி, 3, 1. எண்கள் உங்கள் இஷ்டம். இரண்டாம் பாகத்தில் ஒன்று, ஏழாம் பாகத்தில் வேறொன்று என்று மாறக் கூடாது. கேட்பவர் விதியைச் சொல்லாமலே பிடித்துக்கொள்வார், மீறினாலும் பிடித்துவிடுவார்.

நூறு வருட வெட்டு இன்னொரு சிக்கலையும் கொண்டுவரும். போன் ஸ்பீக்கரில் 200 ஹெர்ட்ஸுக்குக் கீழே அநேகமாக ஒன்றும் வராது. பெரிய மணியின் கீழ்க்கார்வையை மட்டும் நம்பினால் பேருந்தில் கேட்பவருக்கு அந்த இடம் வெறுமையாக இருக்கும். 400 முதல் 800 ஹெர்ட்ஸ் வரை ஏதாவது இருக்கட்டும். இடது வலது ஒலிகளை ஒன்றாக்கி, மோனோவாகவும் ஒருமுறை கேளுங்கள். ஸ்டீரியோ அகலத்துக்காக ஒரு பக்கத்தில் அலையின் கட்டத்தை (ஃபேஸ்) புரட்டிய அடுக்குகள் அங்கே காணாமல் போகும். மணியின் மேல் வசனம் வந்தால் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் வரை 3 டெசிபெல் தணித்துவிடுங்கள்.

மணியை வார்த்து முதன்முதலாக அடிக்கும் காட்சியில் இந்த அடுக்குகள் ஒன்றும் வேண்டாம். ஒளித்து வைத்த அசல் பதிவு மட்டும், ரிவெர்ப் இல்லாமல், முன்னெதிரொலி இல்லாமல். உரத்த ஒலியைத் தணிக்கும் கம்ப்ரசரையும் கழற்றிவிடுங்கள், அது முதலில் நசுக்குவது அடியைத்தான். பாகம் முழுவதையும் மைனஸ் 16 லஃப்ஸுக்கு (LUFS, காதுக்குக் கேட்கும் சராசரிச் சத்தத்தின் அளவு) கொண்டுவரும்போது இந்த அடி உச்சத்தைத் தாண்டும். அப்போது மணியைக் குறைக்காமல் அதற்கு முந்தைய வசனத்தையும் சூழலோசையையும் 3 டெசிபெல் இறக்கினால் சரியாக உட்காரும்.