காரணம் சொல்லுங்கள், கவுன்சிலர்

அன்றைக்கு நான் சொன்ன பதில் விதிப்படி சரியானது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் கீழே இருப்பதைப் படித்துவிட்டு "அப்ப உமக்கு என்னதான் பிரச்சினை?" என்று கேட்பவர்கள் இருப்பார்கள். என் மேலாளரும் அதையேதான் கேட்டார்.

இங்கிலாந்தில் ஒரு கவுன்சிலின் பிளானிங் கமிட்டி, கட்டட விண்ணப்பங்களை அனுமதிப்பதா மறுப்பதா என்று முடிவெடுக்கும் இடம். ஐந்து நிமிட இடைவேளை. தலைவர் எழுந்து வெளியே போய்விட்டார். சட்ட ஆலோசகரும் பிளானிங் உத்தியோகத்தரும் தலையோடு தலை வைத்து ஏதோ பேசிக்கொண்டிருந்தார்கள். கமிட்டி கிளார்க்கான நான் குறிப்பெடுத்த மடிக்கணினியோடு என் இடத்திலேயே இருந்தேன். கமிட்டியில் இருந்த தமிழ்க் கவுன்சிலர் கதிரையை என் பக்கம் இழுத்துப் போட்டார். ஒலிவாங்கியின் சிவப்பு விளக்கு அணைந்திருக்கிறதா என்று ஒருமுறை பார்த்தார். பிறகு தமிழில் கேட்டார்.

"தம்பி, போன கூட்டத்தில அந்த மற்ற வீட்டை மறுத்ததெல்லோ, அதுக்கு என்ன காரணம் எழுதினது? அதையே இதுக்கும் போடுவம்."

"அது வேற வீடு, கவுன்சிலர். காரணத்தை நீங்கள்தான் சொல்லவேணும். வேணுமெண்டால் பிளானிங் ஒஃபிசரைக் கேளுங்கோ."

"ம்" என்றார். கதிரையைத் திருப்பிக்கொண்டார். அவ்வளவுதான் நடந்தது.

அவர் முன்னால் விரிந்து கிடந்த அறிக்கையின் ஓரத்தில் நீல மையில் மூன்று சொற்கள் எழுதியிருந்தன: குப்பை, கார், சத்தம். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. மஞ்சள் ஹைலைட்டரால் பத்தி பத்தியாகக் கோடிட்டிருந்தார். அதை நான் பார்த்தேன். பார்த்ததுதான் இன்னும் உறுத்துகிறது.

விண்ணப்பம் இதுதான். குடும்பம் இருந்த வீடொன்றை அறை அறையாக எட்டுப் பேருக்கு வாடகைக்கு விடவேண்டும். எச்எம்ஓ என்று எல்லோரும் சொல்வது. ஆறு பேர் வரை என்றால், கவுன்சில் ‘ஆர்ட்டிக்கிள் 4’ (இதற்கும் அனுமதி கேட்கவேண்டும் என்று ஆக்கும் உத்தரவு) போடாத இடங்களில் பிளானிங் அனுமதியே தேவையில்லை. அதற்கு மேலே போனால் பொதுவாக முழு அனுமதி கேட்கவேண்டும். அறைகளின் அளவெல்லாம் சரியாக இருந்தது. 2018 ஒக்டோபரில் இருந்து லைசென்ஸ் விதிப்படி ஒருவர் தூங்கும் அறை 6.51 சதுர மீற்றருக்குக் குறையக்கூடாது. இங்கே எல்லா அறையும் அதைவிடப் பெரிது. உத்தியோகத்தர்களின் பரிந்துரை: அனுமதிக்கலாம்.

இப்படியான வீட்டு விண்ணப்பங்களில் பெரும்பாலானவை கமிட்டிக்கே வருவதில்லை. பத்தில் ஒன்பதுக்கு மேல் உத்தியோகத்தர்களே முடித்துவிடுவார்கள். இதைக் கமிட்டிக்கு இழுத்தவர் இவர்தான். அந்த வட்டாரத்தின் கவுன்சிலர். தெருக்காரர்கள் அவரைப் போட்டுப் பிடுங்கியிருந்தார்கள். பார்வையாளர் கலரி நிரம்பியிருந்தது, அதில் நம்மவர்களும் இருந்தார்கள். எதிர்ப்புச் சொல்ல மூன்று நிமிடம் கிடைத்த பெண், நேரம் முடிந்ததைக் காட்டும் விளக்கு எரிந்தபிறகும் "எங்கட பிள்ளையள் இந்த ரோட்டில நடக்கிறேல்லையோ?" என்ற தொனியில் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டே போனார். கைதட்டல் வேறு.

இவர் மறுக்கவேண்டும் என்று முன்மொழிந்தார். இன்னொருவர் வழிமொழிந்தார். அப்போதுதான் சட்ட ஆலோசகர் வழக்கமான கேள்வியைக் கேட்டார்: பிளானிங் அடிப்படையில் காரணம் என்ன? அதற்குத்தான் அந்த ஐந்து நிமிடம்.

கூட்டம் மீண்டும் தொடங்கியதும் அவர் சிவப்பு விளக்கை அமுக்கினார். தெருவின் குணம் மாறிப்போகும், எப்படிப்பட்ட ஆட்கள் வருவார்கள் என்று தெரியாது, வீட்டு விலை விழும் என்றார். சட்ட ஆலோசகர் மரியாதையாகத்தான் சொன்னார்: வீட்டு விலையைக் கணக்கில் எடுக்கமுடியாது, யார் குடியிருப்பார்கள் என்பதையும் எடுக்கமுடியாது. இப்படி மறுத்தால் மேன்முறையீட்டில் தோற்பது மட்டுமல்ல, எதிர்த்தரப்பின் செலவையும் கவுன்சில் கட்டவேண்டி வரலாம். வழிமொழிந்தவர் பின்வாங்கினார். பரிந்துரை வாக்குக்குப் போனது. ஐந்துக்கு மூன்று. அனுமதி.

குப்பை, கார், சத்தம் மூன்றும் கணக்கில் எடுக்கக்கூடிய காரணங்கள். எட்டுப் பேரின் குப்பைத் தொட்டிகளை எங்கே வைப்பது, வாகனங்களை எங்கே நிறுத்துவது, வரவு போக்கால் பக்கத்து வீட்டுக்கு எவ்வளவு தொந்தரவு என்றெல்லாம் கமிட்டி கேட்கலாம், சான்று இருந்தால் அதை வைத்து மறுக்கவும் செய்யலாம். ஓரத்தில் எழுதியதை அவர் அப்படியே வாசித்திருந்தாலே போதும். ஏன் வாசிக்கவில்லை என்று எனக்குத் தெரியும் என்றே நினைக்கிறேன். கலரியில் இருந்தவர்கள் குப்பைத் தொட்டியைப் பற்றிக் கேட்க வரவில்லை. அவர்கள் கோபத்தை அவர்கள் சொற்களிலேயே கேட்க வந்தவர்கள். அவர்களைப் பார்த்தபடி பேசும் ஒருவருக்குத் தொட்டியைப் பற்றிப் பேசுவது துரோகம் மாதிரித் தோன்றியிருக்கும்.

சரி, நான் என்ன செய்திருக்கவேண்டும்? விரலை நீட்டி அந்த ஓரத்தைக் காட்டியிருக்கலாம். "இதை வாசியுங்கோ" என்றால் போதும். அவர் எழுதியது, அவர் கையெழுத்து. நான் காரணம் தயாரித்துக் கொடுத்ததாக ஆகாது.

இந்த இடத்தில் நின்று கொஞ்ச நேரம் என்னை நானே குற்றம் சொல்வேன். பிறகு விதிகள் ஞாபகம் வரும். கவுன்சிலர்களுக்கான உள்ளாட்சிச் சங்கத்தின் வழிகாட்டியிலேயே இருக்கிறது: பரிந்துரைக்கு எதிராக முடிவெடுக்கும் உறுப்பினர்கள் காரணத்தைத் தாங்களே சொல்லவேண்டும், போய்க் காரணம் தேடிக்கொண்டு வா என்று உத்தியோகத்தரை நெருக்கக்கூடாது. என் வேலை 1989ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அரசியல் கட்டுப்பாடு உள்ள வேலை. தேர்தலில் நிற்கமுடியாது, கட்சிக்காக வீடு வீடாகப் போய் வாக்குக் கேட்கவும் முடியாது. ஆளும் கட்சி, எதிர்க்கட்சி என்று பார்க்காமல் முழுக் கவுன்சிலுக்கும் ஊழியம் செய்யவேண்டும். அந்த நேரத்தில், அதுவும் பக்கத்தில் இருக்கும் வேறு யாருக்கும் விளங்காத மொழியில், ஒரு பக்கத்தாருக்கு நான் ஆலோசனை சொல்வதாக விண்ணப்பதாரரின் வழக்கறிஞர் கண்டிருந்தால்? அவர் மூன்றாவது வரிசையில்தான் இருந்தார்.

இது சரியான வாதம். ஆனால் முழு வாதமும் இல்லை.

ஏனென்றால் நான் சொற்கள் கொடுக்காத ஆள் இல்லை. முழுக் கவுன்சில் கூட்டத்துக்கு வரும் தீர்மானங்களில் எத்தனையைத் திருத்திக் கொடுத்திருக்கிறேன். பட்ஜெட் திருத்தம் கொண்டுவரும் எதிர்க்கட்சிக்காரர் கடைசி நாள் பின்னேரம் போன் எடுத்து "இது ஒழுங்கா இருக்கா?" என்று கேட்டால் வசனத்தை நிமிர்த்திக் கொடுப்பேன். அதுவும் என் அலுவல்தான். அதே கமிட்டியில் இருக்கும் இன்னொரு கவுன்சிலர் தொழில் முறையில் வழக்கறிஞர். அவர் மறுக்க நினைத்தால் கொள்கை எண்ணோடு, பத்தி எண்ணோடு, நான் தட்டச்சு செய்யும் வேகத்துக்கே நிறுத்தி நிறுத்திச் சொல்வார். அவருக்கு இடைவேளையே தேவைப்படாது. மறுப்பதற்கான ஆசை இரண்டு பேருக்கும் ஒன்றுதான். ஒருவரிடம் சொல் இருக்கிறது, மற்றவரிடம் மூன்று கேள்விக்குறி.

நம் சனம் கவுன்சிலர் என்றால் என்ன நினைக்கிறது என்பதையும் சொல்லவேண்டும். சனிக்கிழமை காலையில் நூலகத்தின் ஒரு மூலையில் மேசை போட்டு மக்களைச் சந்திப்பார்கள். வருகிறவர்களில் பாதிப் பேருக்கு வீடு வேண்டும். "நீங்கள் ஒரு சொல்லுச் சொன்னால் நடக்கும்" என்பார்கள். உண்மையில் கவுன்சில் வீடு ஒதுக்குவதில் கவுன்சிலர் கை வைக்கவே கூடாது. வீடு அவர் வட்டாரத்தில் இருந்தாலோ, கேட்பவர் அங்கே குடியிருந்தாலோ, அந்த முடிவை எடுக்கும் இடத்தில் அவர் இருக்கக்கூடாது என்று 1997ஆம் ஆண்டு விதி சொல்கிறது. கடிதம் எழுதலாம், ஏன் தாமதம் என்று கேட்கலாம், அவ்வளவுதான். வரிப்பணத்தின் பெரும்பங்கு முதியோர் பராமரிப்புக்கும் பிள்ளைகள் பராமரிப்புக்கும் போய்விடும். பெரிய முடிவுகள் அமைச்சரவை மாதிரி இருக்கும் பத்துப் பேருக்குள் முடியும். பின்வரிசையில் இருக்கும் கவுன்சிலர் ஒருவர் கையைத் தூக்கி, அன்றிரவே, ஒரு தெருவின் விஷயத்தில் ஏதாவது நடக்கச் செய்யக்கூடிய இடம் பிளானிங் கமிட்டி ஒன்றுதான். அங்கே கட்சிக் கொறடாவும் கிடையாது. ஆகவே அந்தக் கமிட்டியில் அவருக்கு இருந்த ஆவல் எனக்கு விளங்காமல் இல்லை.

இவர் 2022 மே தேர்தலில்தான் முதன்முதலாக வந்தவர். பகலில் வேறு வேலை. கவுன்சிலர்களுக்குச் சம்பளம் இல்லை, படி மட்டும். வேலை முடிந்து சாப்பிடாமல் கூட்டத்துக்கு வருவார். கட்டடத்துக்கு வெளியே நான் அவருக்குத் தம்பி, அவர் எனக்கு அண்ணை. உள்ளே அவர் கவுன்சிலர். உத்தியோகத்தரும் கவுன்சிலரும் மிக நெருங்கிப் பழகக்கூடாது என்று எங்கள் நடத்தைக் கோவையில் ஒரு பந்தி இருக்கிறது. எழுதியவர்களுக்கு ஒரே ஊர்க்காரர், ஒரே கோயில் என்ற சங்கதியெல்லாம் மனதில் இருந்திருக்காது. அந்தப் பந்தியை நான் கொஞ்சம் கூடுதலாகவே கடைப்பிடிக்கிறேன். ஒரு வெள்ளைக்கார கவுன்சிலர் அதே கேள்வியை ஆங்கிலத்தில் கேட்டிருந்தால் "இணையத்தில் போன கூட்டத்தின் குறிப்பு இருக்கிறதே, பாருங்கள்" என்றாவது சொல்லியிருப்பேனோ? அது எல்லோரும் பார்க்கக்கூடிய ஆவணம். அதைச் சொல்வதில் ஒரு பிழையும் இல்லை. தமிழில் கேட்டதால்தான் நான் கதவை அடித்துச் சாத்தினேன் என்று சில நாள் தோன்றுகிறது.

வேறு சில நாள் இன்னும் மோசமாகத் தோன்றும். அந்த வீட்டுக்கு அனுமதி கிடைக்கவேண்டும் என்றே நான் விரும்பினேன். வந்த புதிதில் நானும் ஈஸ்ட்ஹாமில் அப்படி ஒரு வீட்டில்தான் இருந்தேன். இரவு பெற்றோல் ஸ்டேஷனில் நின்றுவிட்டு வந்து, பகல் வேலைக்குப் போனவனின் கட்டிலில் படுப்பேன். அன்றைக்கு எங்களுக்கு லைசென்ஸும் இல்லை, 6.51 சதுர மீற்றரும் இல்லை. அந்தத் தெருக்காரர்களும் எங்களைப் பற்றி "எப்படிப்பட்ட ஆட்களோ" என்றுதான் சொல்லியிருப்பார்கள். கலரியில் இருந்த நம்மவர்கள் அதே வசனத்தைச் சொன்னபோது எனக்கு வயிறு எரிந்தது. நடுநிலையாக இருந்தேன் என்கிறேனே, அந்த நடுநிலை எனக்கு விருப்பமான முடிவுக்குத்தான் உதவியது. விருப்பமில்லாத முடிவுக்கு உதவுவதாக இருந்தால் அவ்வளவு இறுக்கமாக நின்றிருப்பேனா என்று கேட்டால், நின்றிருப்பேன் என்றுதான் சொல்வேன். யாராவது நம்பவேண்டும்.

கூட்டம் முடிந்து கார் தரிப்பிடத்தில் என்னைக் கண்டதும் நின்றார். "உமக்குத் தெரிஞ்சிருந்தது, என்ன?" என்றார். கோபமில்லை.

"எனக்குத் தெரியிறது முக்கியமில்லை அண்ணை."

"அதுதான். உங்களுக்கு முக்கியமில்லை. அந்த ரோட்டில நாளைக்கு நான்தானே நடக்கவேணும்."

இதற்கு எனக்கு இன்னும் பதில் இல்லை. அவர் சொன்னதில் ஒரு பொய்யும் இருக்கிறது: அந்தத் தெருவில் எட்டுப் பேர் குடிவந்த பிறகு பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. முறைப்பாடு ஒன்றிரண்டு வந்தது, தொட்டியைப் பற்றித்தான். ஆனால் அவர் சொன்னது தெருவைப் பற்றி மட்டும் இல்லை என்பதும் எனக்குத் தெரியும்.

மேலாளரிடம் நான் ஒரு யோசனை சொன்னேன். தேர்தல் முடிந்து புதிதாக வருபவர்களுக்கு நடத்தும் பயிற்சியில், பழைய மறுப்புக் காரணங்களையும் அவற்றை மேன்முறையீட்டை விசாரித்த பிளானிங் இன்ஸ்பெக்டர் என்ன செய்தார் என்பதையும் சேர்த்து ஒரு கையேடு கொடுக்கலாம் என்றேன். பிளானிங் பிரிவின் ஆட்சேபம் உடனே வந்தது: அதைப் பார்த்து மறுக்கப் பழகிவிடுவார்கள். அவர்கள் சொல்வது பிழை என்று என்னால் வாதிட முடியவில்லை. முன்மொழிவு கிடப்பில் கிடக்கிறது.

அவருக்குக் கையேடு தேவைப்படவும் இல்லை. இப்போதெல்லாம் நிகழ்ச்சிநிரல் வெளியானதுமே, கூட்டத்துக்கு ஐந்து முழு வேலை நாட்கள் இருக்கும்போதே, பிளானிங் உத்தியோகத்தருக்குக் கேள்விகளை எழுதி அனுப்பிவிடுகிறார். அண்மையில் இன்னொரு எச்எம்ஓ வந்தது. ஏழு பேருக்கான வீடு, பரிந்துரை அனுமதி. அவர் எழுந்து கொள்கை எண்ணைச் சொன்னார், பயன்பாட்டின் செறிவு என்றார், அயலவரின் வாழ்வமைதி என்றார், நான் தட்டச்சு செய்வதற்காக நிறுத்தி நிறுத்திச் சொன்னார். சட்ட ஆலோசகர் தலையாட்டினார். ஆறுக்கு இரண்டு, மறுப்பு. கலரியில் அன்றைக்குப் பேசியவர்கள் பேசியது பழைய பேச்சேதான். குறிப்பில் நான் ஒரு சொல்லும் மாற்றவில்லை. விண்ணப்பதாரர் மேன்முறையீடு செய்திருக்கிறார், கோப்பு மேன்முறையீடுகளைப் பார்க்கும் இன்ஸ்பெக்டர்களின் அலுவலகம் இருக்கும் பிரிஸ்டலுக்குப் போயிருக்கிறது.