முதுகு காட்டி நிற்கும் வேலை

இங்கிலாந்தின் எய்ல்ஸ்பரி நகருக்கு வந்த முதல் குளிர்காலத்தில் எனக்கு வேலையும் இல்லை, பேச ஆளும் இல்லை. நூலகத்தில் ஆங்கிலம் சொல்லித்தந்த அம்மாதான், "சனிக்கிழமைகளில் ஸ்டோக் மாண்டவில் விளையாட்டரங்கில் தொண்டர்கள் தேவைப்படுகிறார்கள், போய்ப் பாருங்கள்" என்று அனுப்பிவைத்தார். அது எப்பேர்ப்பட்ட இடம் என்று தெரியாமலேயே பஸ் ஏறினேன்.

என்னைப் போச்சா என்ற பந்து விளையாட்டின் ஆடுகளத்தில் நிறுத்தினார்கள். முதலில் ஒரு வெள்ளைப் பந்தை உருட்டிவிடுவார்கள். ஒரு பக்கத்தார் ஆறு சிவப்புப் பந்துகளையும் மறுபக்கத்தார் ஆறு நீலப் பந்துகளையும் அதன் அருகே கொண்டுசேர்க்க வேண்டும். கையால் எறிய முடியாதவர்களுக்குக் கூரைப் பீலி போன்ற ஒரு சாய்தடம் உண்டு; அதை நகர்த்திக் கொடுக்க ஓர் உதவியாளரும் உண்டு. அந்த உதவியாளர் ஆடுகளத்துக்கு முதுகு காட்டியே நிற்க வேண்டும், திரும்பிப் பார்க்கவே கூடாது என்பது விதி. "இடது, இன்னும் கொஞ்சம்" என்று ஆட்டக்காரர் காட்டுகிறபடி மட்டும் செய்ய வேண்டும்.

நான் உதவிய பையனுக்குப் பதினேழு வயது. பெருமூளை வாதம் உள்ளவன். தலையில் பொருத்திய கோலால் பந்தைத் தள்ளிவிடுவான். இரண்டாம் வாரப் பயிற்சியில் அவன் குறி பிசகுவதாக எனக்குத் தோன்றியது. பொறுக்க முடியாமல் திரும்பிப் பார்த்து, தடத்தை நானே ஒரு விரற்கடை நகர்த்திவிட்டேன். அவன் ஆட்டத்தை நிறுத்தினான். ஒவ்வொரு சொல்லாக, சிரமப்பட்டு, "இது என் பந்து" என்றான். வெள்ளைப் பந்தை மறைத்து நின்ற நீலப் பந்தை விலக்கத்தான் அவன் குறிவைத்திருந்தான் என்பது பிறகே எனக்கு விளங்கியது.

அன்றிரவு சித்தப்பாவை நினைத்து அழுதேன். வன்னியில் ஷெல் பட்டு முள்ளந்தண்டு உடைந்தவர். எதைச் சாப்பிடுவது, எந்தச் சட்டை போடுவது, யார் வந்து பார்ப்பது என எல்லாவற்றையும் நாங்களே தீர்மானித்தோம். பாசத்தால்தான் செய்தோம். ஆனால் அவரிடம் ஒரு நாளும் கேட்டதில்லை.

அதே அரங்கில் பாராலிம்பிக் வரலாற்றைச் சொல்லும் காட்சிக்கூடம் இருக்கிறது. ஆட்டம் முடிந்த பின் அங்கேயும் உதவத் தொடங்கினேன். லுட்விக் குட்மனைப் பற்றி அங்கேதான் அறிந்தேன். நாஜிகளிடமிருந்து தப்பி 1939இல் குடும்பத்தோடு இங்கிலாந்துக்கு வந்த யூத மருத்துவர். அவரும் ஓர் அகதி. 1944இல் இங்குள்ள மருத்துவமனையில் முள்ளந்தண்டுப் பிரிவைத் தொடங்கினார். முள்ளந்தண்டு முறிந்தவர்கள் படுக்கைப் புண்ணாலும் சிறுநீர்த் தொற்றாலும் இறந்துபோவதே வழக்கமாக இருந்த காலம் அது. இரவும் பகலும் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை ஒவ்வொருவரையும் புரட்டிப் படுக்கவைக்கச் செய்தார். அதை வாசித்தபோது, தூக்கம் கெட்டுச் சித்தப்பாவைப் புரட்டிய சித்தியின் கைகள் கண்முன் வந்தன. 1948 ஜூலை 29, லண்டன் ஒலிம்பிக் தொடங்கிய அதே நாளில், சக்கர நாற்காலியில் இருந்த 16 பேர் இங்கே வில்வித்தைப் போட்டியில் இறங்கினார்கள். பன்னிரண்டு ஆண்டுகளில் அது ரோம் நகரில் நடந்த முதல் பாராலிம்பிக்வரை போனது.

என் வேலை பழைய படங்களுக்குக் குறிப்பு எழுதுவது. பென்சிலால் மட்டுமே எழுத வேண்டும்; மை கசிந்தால் படம் பாழ். ஒரு படத்துக்கு "சக்கர நாற்காலியில் நோயாளி" என்று எழுதியிருந்தேன். தானும் சக்கர நாற்காலியில் வந்திருந்த முதியவர் ஒருவர் அதைப் பார்த்துவிட்டு, "நோயாளி இல்லை, மேசைப்பந்து ஆட்டக்காரன். என் நண்பன்" என்றார். விரல்கள் மடங்காத அந்த நண்பர் மட்டையைக் கையோடு சேர்த்துத் துணியால் கட்டிக்கொண்டு ஆடியதை அரைமணி நேரம் சொன்னார். என் குறிப்பை அழித்துவிட்டு, அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். இப்படிச் சொல்லத் தெரிந்தவர்கள் எண்பதைத் தாண்டிவிட்டார்கள். அவர்களோடு போய்விடக்கூடிய கதைகளை எழுதி வைப்பதைவிட அவசரமான வேலை எனக்கு வேறு தெரியவில்லை.

போன மாதம் சித்தப்பாவிடம் தொலைபேசியில் போச்சா பற்றிச் சொன்னேன். அடிபடுவதற்கு முன் அவர் தச்சு வேலை செய்தவர். வெகுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, "பிள்ளை, அந்தப் பீலி எவ்வளவு நீளம்? பலகையில் செய்யலாமோ?" என்று கேட்டார். சனிக்கிழமை அளவுநாடாவோடு போனேன். பையனிடம் அனுமதி கேட்டுத்தான் அளந்தேன்.