கேத்லீன் பைரன்: சிஸ்டர் ரூத்தோடு நின்றுபோன பெயர்

‘பிளாக் நார்சிசஸ்’ (1947) படம் என்றதும் எல்லோரும் அதில் தலைமைக் கன்னியாஸ்திரியாக நடித்த டெபோரா கெர்ரைத்தான் சொல்வார்கள். தூக்கத்தைக் கெடுப்பது என்னவோ மனம் பிறழும் கன்னியாஸ்திரி சிஸ்டர் ரூத்தாக வரும் நடிகை கேத்லீன் பைரன்.

கதை இமயமலையில் உள்ள ஒரு கன்னியாஸ்திரி மடத்தில், பெரும்பாலும் எடுத்தது இங்கிலாந்தின் பைன்வுட் ஸ்டுடியோவில். மடத்தின் மணிக்கூண்டுக்குக் கீழே தெரியும் பாதாளம் வெறும் ஓவியம். உச்சக்காட்சிக்கு பிரையன் ஈஸ்டேலின் இசையை முதலில் பதிவுசெய்துவிட்டு, அதன் தாளத்துக்குப் படம்பிடித்தார்கள். வசனமே கிட்டத்தட்ட கிடையாது. நடை, திரும்பல், பார்வை எல்லாம் இசையின் அளவுக்குள் அடங்க வேண்டும். பைரனிடம் அந்தக் கட்டாயம் துளியும் தெரியாது. அதற்கு முன், சிவப்பு உடையில் நிதானமாக உதட்டுச்சாயம் பூசுவார். எதிரே கெர் பைபிளைத் திறப்பார். ஜாக் கார்டிஃபின் ஒளிப்பதிவுக்கு ஆஸ்கர் கிடைத்தது. (அந்த முகம் இல்லாமல் அந்த ஒளி எதற்கு!)

வினை அங்கேதான். அப்புறம் மனம் பிறழ்ந்த பெண், விறைப்பான பெண் என்றே வேடங்கள் தேடிவந்தன. ‘தி ஸ்மால் பேக் ரூம்’ (1949) விதிவிலக்கு: குடியில் தடுமாறும் வெடிகுண்டு நிபுணரைத் தாங்கிப்பிடிக்கும் சூசன். என் கணக்கில் அவருடைய சிறந்த நடிப்பு இதுதான், ரூத் அல்ல.

1998இல் ‘சேவிங் பிரைவேட் ரயான்’ கல்லறைக் காட்சியில் முதிய ரயானின் மனைவியாக வருபவரும் இவரே. 2009இல் மறைந்தார்.