சங்குக் கடைகள் ஆயிரம், சங்குப் புத்தகம் எங்கே?

ராமேசுவரத்தில் எட்டாயிரம் ரூபாய்க்கு ஒரு வலம்புரிச் சங்கை எங்கள் தலையில் கட்டப் பார்த்தார்கள். அந்த எரிச்சல் இன்னும் அடங்கவில்லை. அதனால் இந்தக் கட்டுரை கொஞ்சம் காரமாகத்தான் இருக்கும். எந்த ஊருக்கு எந்தப் பஸ், எங்கே தங்குவது, எவ்வளவு ஆகும் என்று வரிசையாக எழுதித் தருவதாகச் சில நண்பர்களிடம் வாக்குக் கொடுத்திருக்கிறேன். பார்ப்போம்.

போனது நானும் என் தோழியும். அவளுக்குப் பழைய சினிமாப் பாட்டுப் புத்தகங்கள் மேல் பைத்தியம். எனக்குப் பொருள் சேர்ப்பதில் ஆசை குறைவு, சேர்ப்பவர்களைப் பற்றியும் அவர்களுக்கு விற்பவர்களைப் பற்றியும் வந்த புத்தகங்கள் என்றால் விடமாட்டேன். தபால்தலை, நாணயம், சிப்பி, தீப்பெட்டிப் படம், எதுவானாலும் சரி. ராமநாதபுரம் கடற்கரையில் சங்கு வியாபாரம் பற்றித் தமிழில் ஏதாவது கிடைக்கும் என்று நம்பித்தான் கிளம்பினேன். பயணத்துக்கென்று இருவருக்கும் சேர்த்து ஒதுக்கியது ஆறாயிரம் ரூபாய்.

மதுரையிலிருந்து ஏறிய பஸ்ஸைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும். கடைசி வரிசைக்கு முந்தின இருக்கை. ஜன்னல் பாதி திறந்த நிலையில் இறுகிக்கொண்டது, மூடவும் முடியவில்லை, திறக்கவும் முடியவில்லை. இருக்கையின் ரெக்சினுக்குள்ளிருந்து ஒரு கம்பி நீட்டிக்கொண்டு முதுகைப் பதம் பார்த்தது. நடுவில் ஒரு மோட்டலில் நிறுத்தினார்கள். வெந்நீரில் பால் காட்டியது போல ஒரு டீ, விலை 25 ரூபாய். இறங்கி நடந்தால் அடுத்த டீக்கடை எவ்வளவு தூரமோ என்ற பயத்தில்தான் இந்த மோட்டல்கள் பிழைக்கின்றன. நடத்துநரிடம் சொன்னால், "நமக்கு அங்க சாப்பாடு ஃப்ரீ மேடம்" என்று உண்மையை ஒளிக்காமல் சொன்னார். அந்த நேர்மைக்கு மதிப்புக் கொடுத்து வாயை மூடிக்கொண்டோம்.

ராமநாதபுரத்தில் ராமலிங்க விலாசம் அரண்மனை ஓவியங்களைப் பார்த்தோம். சுவர் முழுக்கச் சேதுபதிகளின் போரும் கொலுவும். அப்புறம் நேராகப் பழைய பேப்பர் கடை. எடைக்கு வந்த வாரப் பத்திரிகைக் குவியலுக்கு அடியிலிருந்து கடைக்காரர் ஒரு சாக்கை இழுத்துப் போட்டதும் என் தோழி தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். உள்ளங்கை அளவில், மஞ்சளேறிப் போன பாட்டுப் புத்தகங்கள். ஒரு காலத்தில் தியேட்டர் வாசலில் காசுக்கு விற்றவை. முதலில் நடிகர் பட்டியல், பிறகு கதைச் சுருக்கம், சரியாகச் சிக்கலான இடத்தில் "மீதியை வெள்ளித்திரையில் காண்க", அப்புறம் பாட்டுகள்.

"எவ்வளவுண்ணே?"

"அட்டையைப் பாத்துதாம்மா சொல்லணும். எம்.ஜி.ஆர்.னா நூத்தம்பது. சிவாஜி நூறு. மத்ததெல்லாம் முப்பதுக்கு எடுத்துக்கங்க."

"ஒரே வயசுப் புத்தகம், ஒரே தாள்தானே அண்ணே?"

"மூஞ்சி வேறல்ல?"

இதற்கு என்ன பதில் சொல்வது? இங்கிலாந்தின் பிளிமத் ஊரில் ஸ்டான்லி கிப்பன்ஸ் என்ற தபால்தலை வியாபாரி 1865-இலேயே தபால்தலைகளுக்கு விலைப்பட்டியல் அச்சடித்து வெளியிட ஆரம்பித்துவிட்டார். விற்பவரே விலைப்பட்டியலும் போடுவதில் ஒரு தந்திரம் இருக்கிறதுதான். ஆனாலும் வாங்குகிறவன் கையில் அச்சில் ஓர் எண் இருக்கும், அதை வைத்துப் பேரம் பேசலாம். பாட்டுப் புத்தகத்துக்கு அப்படி எதுவும் என் கண்ணில் பட்டதில்லை, கடைக்காரர் வாய்தான் விலைப்பட்டியல். தோழி அறுநூறு ரூபாய்க்கு வாங்கினாள். அன்று இரவு பரோட்டாவுக்கு மேல் எதுவும் கேட்கக் கூடாது என்று அவளிடம் கண்டிப்பாகச் சொன்னேன்.

பாம்பன் பாலத்தை எல்லோரும் எழுதிவிட்டார்கள். பழைய ரயில் பாலம் 1914 பிப்ரவரியில் திறந்தது, நடுவில் மேலே தூக்கும் புதுப் பாலம் 2025 ஏப்ரலில் திறந்தது. எனக்கு 1914 முக்கியமானதற்கு இன்னொரு காரணம் உண்டு. அதே ஆண்டில்தான் மதராஸ் மீன்வளத் துறையில் இருந்த ஜேம்ஸ் ஹார்னெல் இந்தியச் சங்கைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு முழுப் புத்தகம் வெளியிட்டார். சங்கு எங்கே வளர்கிறது, எப்படிக் குளித்து எடுக்கிறார்கள், ஏலம் எப்படி, டாக்காவில் அதைப் பிறை வடிவ ரம்பத்தால் அறுத்து எப்படி வளையல் ஆக்குகிறார்கள் என்று எல்லாம் அதில் இருக்கிறது. கொற்கையில் பழைய வளையல் பட்டறையின் சங்குக் கழிவு கிடந்ததைக்கூட விடவில்லை மனுஷன். இணையத்தில் அதன் ஸ்கேன் பிரதி இலவசம். ஜெராக்ஸ் கடையில் அச்செடுத்து ஸ்பைரல் போட 260 ரூபாய் ஆனது. பையில் துணிகளைவிட அதுதான் கனம்.

ராமேசுவரம் பஸ் நிலையத்திலிருந்து கோயில் பக்கம் போக ஓர் ஆட்டோக்காரர் 250 ரூபாய் கேட்டார். இரண்டு மூன்று கிலோமீட்டர் இருந்தால் அதிகம். "சீசன்க்கா" என்றார். எந்த சீசன் என்று கேட்டதற்கு, "ராமேசரத்துல வருஷம் பூராவும் சீசன்தான்க்கா." டவுன் பஸ் பின்னாலேயே நின்றுகொண்டிருந்தது. ஏறிப் போனோம். நீங்களும் அதையே செய்யுங்கள்.

கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் புத்தகம் விற்கும் கடை ஒவ்வொன்றாக ஏறி இறங்கினேன். தல புராணம் தமிழிலும் இந்தியிலும் தெலுங்கிலும் வங்காளியிலும் இருக்கிறது. இருபத்திரண்டு தீர்த்தங்களின் மகிமை இருக்கிறது. கலாம் பொன்மொழிகள் பத்து விதமாக இருக்கின்றன. சங்கு பற்றி? "சங்கு வேணும்னா எதிர்க்கடைல இருக்கு" என்கிறார்கள். அவ்வளவுதான். எங்கு திரும்பினாலும் சங்கு, சிப்பிக் கண்ணாடி, சோழித் திரை விற்கும் ஊரில் அதைப் பற்றி ஐம்பது ரூபாய்க்கு ஒரு சின்னப் புத்தகம்கூட அகப்படவில்லை. பக்திப் புத்தகம் வேண்டாம் என்று சொல்லவில்லை. பக்தியால்தான் இந்தச் சங்கு விற்கிறது, அதனால்தான் ஏமாற்றும் நடக்கிறது.

சன்னதித் தெருப் பக்கம் ஒருவர் தானாக வந்து பேச்சுக் கொடுத்தார். பையிலிருந்து வெல்வெட்டுத் துணியைப் பிரித்து ஒரு சங்கை எடுத்தார். "ஒரிஜினல் வலம்புரிம்மா. வீட்ல வச்சா லட்சுமி. உங்களுக்காக எட்டாயிரம்." தோழிக்குக் கண் விரிந்தது, எனக்கு ஸ்பைரல் புத்தகம் ஞாபகம் வந்தது.

சுருள் தொடங்கும் கூர் முனை மேலே இருக்கும்படி சங்கைப் பிடித்து அதன் வாயைப் பார்த்தால், சாதாரணச் சங்கில் வாய் நமக்கு வலப்பக்கம் இருக்கும். நாம் வலம்புரி என்று கொண்டாடுவதில் இடப்பக்கம். நம் கடல் சங்கில் அப்படிப் பிறப்பது அத்தனை அபூர்வம், அதனால்தான் அந்த விலை. ஆனால் அமெரிக்காவின் கிழக்குக் கரையிலும் மெக்சிகோ வளைகுடாவிலும் புசிகான் வகையில் லைட்னிங் வெல்க் என்று ஓர் இனம் இருக்கிறது. அதில் ஏறக்குறைய எல்லாமே இடப்பக்கம் வாய் திறந்தவைதான், அபூர்வம் எதுவும் இல்லை. அதைக் கொண்டுவந்து வலம்புரி என்று விற்கிறார்கள். கண்டுபிடிப்பது சுலபம். வாய்க்குள் விரலை விட்டு நடுத்தண்டைத் தடவுங்கள். நம் சங்கு என்றால் மூன்று நான்கு மடிப்புகள் வரிவரியாகத் தட்டுப்படும். புசிகானில் வழவழவென்று இருக்கும்.

விரலை விட்டேன். வழவழ. "அண்ணே, இதுல மடிப்பே இல்லையே?" என்றேன். "மடிப்பா? இது மடிப்பில்லாத வலம்புரிம்மா, இன்னும் விசேஷம்" என்றார், கண் இமைக்காமல்! விலையும் அங்கேயே இரண்டாயிரத்துக்கு இறங்கியது. நாங்கள் நடந்துவிட்டோம். பின்னால் நின்ற வடநாட்டுக் குடும்பம் ஒன்று பணத்தை எண்ணிக்கொண்டிருந்தது. எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியில் சொல்லிப் பார்த்தேன், என்னைத்தான் சந்தேகமாகப் பார்த்தார்கள்.

எல்லா வியாபாரிகளும் இப்படியில்லை. இன்னொரு கடையில் பெரியவர் ஒருவர் பொறுமையாக எல்லாவற்றையும் காட்டினார். அவரிடம், பெட்ரோல் விற்கும் ஷெல் கம்பெனியின் பெயரே சிப்பியில் இருந்து வந்ததுதான் என்று சொன்னேன். லண்டனில் மார்கஸ் சாமுவேல் என்பவர் கிழக்கு நாட்டுச் சிப்பிகள் விற்றார், பிள்ளைகள் எண்ணெய் வியாபாரத்துக்கு மாறி 1897-இல் கம்பெனி தொடங்கியபோது அந்தப் பெயரை வைத்தார்கள். பெரியவர் தன் கடையை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு, "எங்கப்பா காலத்துலேர்ந்து சிப்பிதாம்மா விக்கிறோம். பங்க் எப்ப வரும்?" என்றார். அவரிடம் மேசை விளக்கு ஒன்று வாங்கினேன், 350 ரூபாய். ரசீது கேட்காமலே கொடுத்தார்.

பள்ளிவாசல் தெருவில் கலாம் வீட்டில் கூட்டம் நெருக்கியது. இரண்டாம் உலகப் போர் வந்தபோது புளியங்கொட்டைக்குத் திடீரென்று கிராக்கி ஏற்பட்டதையும், சிறுவன் கலாம் அதைப் பொறுக்கி இதே தெருவிலுள்ள மளிகைக் கடையில் விற்றதையும், ஒரு நாள் பொறுக்கினால் ஓரணா கிடைத்ததையும் தன் வரலாற்றில் அவரே எழுதியிருக்கிறார். பொன்மொழிப் புத்தகங்களைவிட எனக்கு அந்த ஓரணாக் கணக்குதான் பிடிக்கும்.

தனுஷ்கோடிக்கு எல்லோரும் புயலுக்காகப் போகிறார்கள். 1964 டிசம்பரில் ஊரே போனது, இடிந்த தேவாலயம் இருக்கிறது, அரிச்சல்முனை வரை நல்ல சாலை. நான் பாதி நேரம் சாலையோரத்தில் கடை போட்டிருந்த ஓர் அக்காவிடம் உட்கார்ந்திருந்தேன். நண்டு வலையில் சிக்கி வருவதைத்தான் விற்கிறாராம். ஐவிரல் சங்கு, முள் சங்கு, யானைமுள்ளி, சோழி என்று ஒவ்வொன்றையும் தூக்கிக் காட்டிப் பெயர் சொன்னார். எந்த மாதம் எது அதிகம் சிக்கும், எதன் சதையைச் சாப்பிடலாம் என்பதெல்லாம் மடமடவென்று வந்தது. நான் நோட்டில் எழுதுவதைப் பார்த்து, "இதையெல்லாமா எழுதுவாக?" என்று சிரித்தார். எழுதத்தான் வேண்டும் அக்கா. ஹார்னெலுக்கும் உங்களைப் போல யாரோ சொல்லித்தானே தெரிந்திருக்கும்!

மாட்டுத்தலைச் சங்கு இருக்கிறதா என்று கேட்டேன். "அதெல்லாம் தொடக் கூடாது, கேஸாயிரும்" என்றார். சரியாகத்தான் சொன்னார். 1972 வனவிலங்குச் சட்டத்தின் அட்டவணையில் 2001-இல் பவளம், கடல் அட்டை, கடல் குதிரையோடு சிலவகைச் சங்கு சிப்பிகளையும் சேர்த்துவிட்டார்கள், அதில் மாட்டுத்தலையும் உண்டு. சாதாரணப் பூஜைச் சங்கு அதில் இல்லை. கரையில் கிடக்கிறது என்று பவளத் துண்டைப் பைக்குள் போடுகிறவர்கள் இதைப் படிக்கவும்.

கடைசியாகக் கீழக்கரை. இங்கே வரிசை, செலவுக் கணக்கு எல்லாம் மறந்துபோனது, காரணம் சாப்பாடு. தெரிந்தவர் வழியாக ஒரு வீட்டில் மதியம். இடியாப்பம், விளமீன் ஆணம் (குழம்புதான்), மாசிச் சம்பல். தேங்காய்ப்பால் ஊற்றிய அந்த ஆணத்தில் புளிப்பு தனியாகத் தெரியவில்லை, ஆனால் இருந்தது. மீன் துண்டு விரல் பட்டால் பிரிந்தது. நான் எத்தனை இடியாப்பம் சாப்பிட்டேன் என்று எண்ணவில்லை, அந்த வீட்டம்மா எண்ணியிருப்பார். ராமேசுவரத்தில் 180 ரூபாய் கொடுத்துச் சாப்பிட்ட மீன் சாப்பாட்டை அதற்குப் பிறகு நினைத்துப் பார்த்தால் கோபம் வருகிறது.

அந்த வீட்டுப் பெரியவர் சங்கு வியாபாரத்தில் இருந்தவர். ஸ்பைரல் புத்தகத்தைக் கையில் கொடுத்தேன். ஆங்கிலத்தை விட்டுவிட்டுப் படங்களை மட்டும் புரட்டினார். அளவு வளையம் பற்றிய பேச்சு வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார். குறுக்களவு 57 மில்லிமீட்டருக்குக் குறைந்த சங்கைத் திருப்பிக் கடலில் விடவேண்டும் என்பது பழைய விதி. "வளையத்துக்குள்ள விழுந்தா பொடிச் சங்கு. விழாம நின்னாத்தான் காசு" என்றார். கல்கத்தா வியாபாரிகள் வந்து தங்கியது, சங்கை ஒன்றோடொன்று தட்டிச் சத்தத்தை வைத்தே பூச்சி அரித்ததை ஒதுக்குவது, சங்கு குளிக்கப் போனவர்கள் முன்பணம் வாங்கி அதிலிருந்து மீள முடியாமல் போனது, எல்லாம் சொன்னார். இதில் அந்த முன்பணக் கணக்கை அவர் சொன்ன மாதிரி யாராவது தமிழில் எழுதினால் முதல் பிரதி நான் வாங்கிக்கொள்கிறேன்.

"நீங்களே சொல்லச் சொல்ல ரெக்கார்ட் பண்ணலாமா மாமா?" என்றேன்.

"அடுத்த தடவை வா. இப்பத் தொதல் சாப்பிடு."

தொதல் கறுப்பாக, நெய் மினுங்க, கையில் ஒட்டாமல் இருந்தது. கருப்பட்டியும் தேங்காய்ப்பாலும் அரிசி மாவும் மணிக்கணக்கில் கிண்ட வேண்டிய பண்டம். கடையில் ஒரு கிலோ வாங்கினோம், அத்தோடு ஆறாயிரம் தீர்ந்து தோழியிடம் முந்நூறு கடன்.

சரி, வாக்குக் கொடுத்த விவரங்கள். ராமநாதபுரத்தில் தங்குங்கள், ராமேசுவரத்தைவிட அறை வாடகை எங்களுக்குக் கணிசமாகக் குறைந்தது. கீழக்கரைக்கு அங்கிருந்து அடிக்கடி பஸ் உண்டு. அரிச்சல்முனைக்கு வண்டி பேசும்போது காத்திருக்கும் நேரத்துக்கும் சேர்த்துத்தான் அந்தத் தொகை என்று ஏறும் முன்பே சொல்லிவிடுங்கள். சங்கு வாங்கினால் ரசீது கேளுங்கள், வாங்கும் முன் விரலை உள்ளே விடுங்கள். தொதலை வெயிலில் பஸ் மேல்தட்டில் வைக்காதீர்கள், எண்ணெய் கசிந்து பாட்டுப் புத்தகத்தில் இறங்கும். தோழி இன்னும் என்னோடு பேசவில்லை.