ஆக்டிவேட்டர் முதலில் கேட்பது

கீழக்கரையிலும் தொண்டியிலும் ஜெராக்ஸ் கடைக் கம்ப்யூட்டருக்குள் ஊரே இருக்கிறது. துபாய் போகிறவரின் பாஸ்போர்ட் ஸ்கேன், ஆதார், பான், கடைக்காரரின் வாட்ஸ்அப். விண்டோஸ் மட்டும் ஓசி: காசு கொடுத்து வாங்காத விண்டோஸை வாங்கியதுபோல் காட்டும் ஆக்டிவேட்டர் என்ற புரோகிராமால் ஓடுகிறது.

இங்கே அதிகம் ஓடுவது கேஎம்எஸ் வகை ஆக்டிவேட்டர். கேஎம்எஸ் (கீ மேனேஜ்மென்ட் சர்வீஸ்) திருட்டு முறையல்ல. பெரிய அலுவலகங்களுக்காக மைக்ரோசாஃப்ட்டே வைத்தது. குறைந்தது 25 கம்ப்யூட்டர் இருந்தால் உள் சர்வர் ஒன்று 180 நாள் அனுமதி கொடுக்கும். 7 நாளுக்கொரு முறை அது புதுப்பிக்கப்படும். ஆக்டிவேட்டர் அந்த சர்வராக வேஷம் போடுகிறது. புதுப்பித்துக்கொண்டே இருக்க வேண்டுமே, அதனால் பெரும்பாலும் அட்மின் உரிமையோடு, குறித்த நேரத்தில் புரோகிராம்களைத் தானே ஓட்டும் டாஸ்க் ஷெட்யூலரில் குடியேறிவிடும்.

அதைவிட மோசம், உள்ளே வர அது கேட்பது: விண்டோஸின் சொந்த ஆன்டிவைரஸான டிஃபெண்டரை அணைக்கச் சொல்லும். ஜிப் ஃபைலுக்கு 1234 என்று பாஸ்வேர்டு இருக்கும். பாதுகாப்புக்கு அல்ல, ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்கக் கூடாதென்றுதான். 2021-இல் கேஎம்எஸ்பிகோ என்ற பெயரில் சுற்றிய இன்ஸ்டாலரில் கிரிப்ட்பாட் என்ற திருட்டு மென்பொருள் இருந்தது. பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டையும் குக்கீயையும் அள்ளும் ரகம். நீங்கள் ஏற்கெனவே உள்ளே இருப்பதாகத் தளத்துக்குச் சொல்லும் லாகின் குக்கீ போய்விட்டால் பல தளங்களில் ஓடிபி கேட்காமலே கணக்கு திறக்கும்.

சோதிக்க இரண்டு இடம். செட்டிங்ஸில் ஆக்டிவேஷன் பக்கம்: சொந்தக் கம்ப்யூட்டரில் 'உங்கள் நிறுவனத்தின் ஆக்டிவேஷன் சேவை' என்ற பொருளில் ஆங்கிலத்தில் வந்தால், கேஎம்எஸ். அடுத்து விண்டோஸ் செக்யூரிட்டியில் எக்ஸ்க்ளூஷன்ஸ், அதாவது ஆன்டிவைரஸ் பார்க்காமல் விடும் இடங்களின் பட்டியல்: நீங்கள் சேர்க்காத ஃபோல்டர், சில சமயம் சி டிரைவ் முழுவதுமே, அங்கே உட்கார்ந்திருக்கும்.

இருந்தால் ஆக்டிவேட்டரை மட்டும் நீக்கிப் பயனில்லை. நெட்டைத் துண்டியுங்கள். அந்தக் கம்ப்யூட்டரில் அல்லாமல் போனிலிருந்து பாஸ்வேர்டுகளை மாற்றி, எல்லாச் சாதனங்களிலிருந்தும் லாக்அவுட் கொடுங்கள். டாக்குமென்ட், போட்டோ, கணக்கு டேட்டா மட்டும் நகலெடுங்கள். இன்ஸ்டாலர் எதுவும் வேண்டாம். சுத்தமான வேறு கம்ப்யூட்டரில், மைக்ரோசாஃப்ட் தளத்தின் மீடியா கிரியேஷன் டூல் மூலம் 8 ஜிபி பென்டிரைவ் தயாரித்து, டிஸ்க்கின் பழைய பார்ட்டிஷன்களை (பிரிவுகளை) அழித்துவிட்டு விண்டோஸைப் புதிதாகப் போடுங்கள். அரை நாள் வேலை. பாம்பன், மண்டபம் விசைப்படகுக் கணக்குக் கம்ப்யூட்டருக்கு ஏப்ரல் 15-இல் தொடங்கும் 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் தோதானது. பணம் போயிருந்தால் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930.

பலருக்கு ஆக்டிவேட்டரே தேவைப்பட்டிருக்காது. லேப்டாப் ஹோம் பதிப்போடு வந்திருக்கும், அதன் லைசென்ஸ் கீ மதர்போர்டிலேயே இருக்கும். ஃபார்மேட் போட்டவர் ப்ரோவைப் போட்டு ஆக்டிவேட்டரையும் ஓட்டியிருப்பார். திரும்ப ஹோமைப் போட்டு நெட் கொடுத்தால் தானே ஆக்டிவேட் ஆகிவிடும்.