மருமகள் யாரை எப்படிக் கூப்பிடுவாள்?

சிங்கப்பூரின் வசந்தம் ஒளிவழியில் வருவது போன்ற அரை மணி நேரத் தொடரைப் பலர் பிரித்து எழுதும்போது, பகுதிக்கு விளம்பரம் போகக் கையில் நிற்பது சுமார் 22 நிமிடம். 13 பகுதி, நான்கு எழுத்தாளர்கள் என்றால் ஆளுக்கு மூன்று. மிஞ்சும் கடைசிப் பகுதியைத் தலைமை எழுத்தாளர் எழுதுவது நல்லது.

எடுத்த எடுப்பில் வசனத்தில் இறங்கினால் தொலைந்தோம். முதலில் ஒன்லைன், அதாவது ஒரே வரியில் கதை. பிறகு பகுதிக்கு ஒரு பத்தி, அப்புறம்தான் காட்சிக்கு ஒன்றாகச் சுவரில் ஒட்டும் அட்டைகள். முதன்மைக் கதைக்கு மஞ்சள், கிளைக்கதைக்கு நீலம். சுவரில் தொடர்ந்து இரண்டு பகுதிக்கு நீலமே இல்லையென்றால், யாரையோ மறந்துவிட்டோம். 'மகனும் அம்மாவும் பேசுகிறார்கள்' என்ற அட்டையைக் கிழித்துப் போடலாம். 'வீட்டை விற்கக் கையெழுத்து கேட்கிறான். அம்மா குழம்புக்குப் புளி கரைக்கப் போகிறார்' என்றால் அது காட்சி.

வீடு விற்பது என்றதும் இன்னொன்று. பிடிஓ வீட்டுச் (அரசிடம் பதிவுசெய்து வாங்கும் புது அடுக்குமாடி வீடு) சாவி வாங்கி, விற்பதற்கு முன் குடியிருக்க வேண்டிய ஐந்து ஆண்டுகூட ஆகாத தம்பதி மூன்றாம் பகுதியில் வீட்டை விற்றால், பார்க்கிறவர்கள் சிரிப்பார்கள். 19 வயதுப் பையன் கட்டாயத் தேசிய சேவை பற்றிய பேச்சே இல்லாமல் சென்னைக்குப் படிக்கப் போவதும் அப்படித்தான். கதையில் தேதிகளுக்கென்று தனித்தாள் வேண்டும்.

பிரித்து எழுதும்போது அதிகம் இடிப்பது உறவுமுறை. நான்காம் பகுதியில் மாமியாரை 'அத்தை' என்ற மருமகள் ஏழாம் பகுதியில் 'மாமி' என்பாள். கணவனை ஒருவர் 'நீ' போட்டு எழுதியிருப்பார், இன்னொருவர் 'நீங்க'. அதனால் யார் யாரை எப்படிக் கூப்பிடுவார் என்று கட்டம்போட்டு ஒட்டிவிடுகிறோம். கோபத்தில் 'நீங்க' எப்போது 'நீ' ஆகும் என்பதும் அதிலேயே உண்டு. அது ஒரே ஒரு பகுதியில்தான் நடக்க வேண்டும்.

படப்பிடிப்பு பகுதி வரிசையில் நடக்காது. எல்லாப் பகுதிகளின் சமையலறைக் காட்சிகளையும் சேர்த்தே எடுப்பார்கள். எனவே ஒன்பதாம் பகுதியை எழுதி முடிக்காமல் இரண்டாம் பகுதியை எடுக்க முடியாது. அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் எடுக்கும் காட்சிக்கு நகர மன்ற அனுமதியும் வேண்டும், கடைசி நிமிடத்தில் இடம் மாற்ற வழியில்லை.

எழுதி முடித்ததும் கடிகாரம் வைத்துச் சத்தமாக வாசிப்போம். 26 நிமிடம் வந்தால் முக்கியமான வசனத்தில் கை வைக்காதீர்கள். ஒவ்வொரு காட்சியின் தொடக்கத்திலும் 'வாங்க, உட்காருங்க, காப்பியா டீயா' இருக்கும். கத்தரியை அங்கே வையுங்கள்.